பழைய பூசையை விரும்பும் கொழும்புத் தம்பி தங்கச்சிமாருக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள தம்பிமார், தங்கச்சிமாருக்கு,

கொட்டாஞ்சேனை, கொச்சிக்கடைப் பக்கத்துப் பிள்ளைகள் சிலர் இரண்டாம் வத்திக்கான் சங்கத்துக்கு முன்பிருந்த பழைய இலத்தீன் பூசைக்காகச் சேர்கிறீர்கள் என்று அறிந்தேன். அந்தச் சங்கத்தின் மாற்றங்களை எதிர்த்த பிரெஞ்சுப் பேராயர் மார்சேல் லெஃபெவ்ரைப் பற்றி நீங்கள் வட்ஸ்அப்பில் பகிரும் வாழ்க்கைக் குறிப்பும் கைக்கு வந்தது. பூசையில் உங்களுக்கு இருக்கும் பற்றைக் குறை சொல்ல நான் வரவில்லை. முழந்தாளிட்டு நாவில் நற்கருணை வாங்கச் சொல்லி 2009இல் கொழும்புப் பேராயர் மல்கம் ரஞ்சித் ஆண்டகையே கேட்டுக்கொண்டார். பழைய வழிபாட்டின் மேல் அவருக்கு இருக்கும் மதிப்பும் ஊரறிந்தது. அதனால் இது கொழும்புக்கு அந்நியமான ஆசை அல்ல.

என் சண்டை அந்தக் குறிப்போடுதான். ஒரு மனிதர் உரோமையை எதிர்த்துத் தனியாக நின்றார், இலத்தீனைக் காப்பாற்றினார், அவ்வளவுதான் அதில் இருக்கிறது. அவருடைய வாழ்க்கையின் நல்ல பகுதியையும் விட்டுவிட்டீர்கள், சங்கடமான பகுதியையும் விட்டுவிட்டீர்கள்.

நல்லதை முதலில் சொல்கிறேன். 1905இல் வட பிரான்சில் பிறந்தவர் அவர். தகப்பன் ரெனே நாசிகளுக்கு எதிராக இரகசியமாக வேலை செய்து பிடிபட்டு, 1944இல் சொன்னென்பூர்க் நாசிச் சிறையில் இறந்தார். மகன் 1932இல் காபோனுக்கு மறைபரப்பாளராகப் போய் லிப்ரவீல் குருமடத்தில் படிப்பித்தார், பிறகு உட்பகுதி மிஷன்களை நடத்தினார். 1947இல் ஆயரானார், 1955இல் டக்காரின் முதல் பேராயர். நம் பெரியவர்கள் பழைய வெள்ளைக்காரச் சுவாமிமாரைப் பற்றிச் சொல்லும் கதைகளில் வரக்கூடிய ஆள்தான்: கண்டிப்பானவர், உழைப்பாளி. 1949இல் அவர் குருப்பட்டம் கொடுத்த செனகல் இளைஞர் இயசிந்த் தியாந்தும் 1962இல் அவருக்குப் பின் டக்கார் பேராயரானார், பிறகு கர்தினாலும் ஆனார். ஆனால் லெஃபெவ்ர் பின்னர் உரோமையிலிருந்து பிரிந்தபோது தியாந்தும் அவரைப் பின்பற்றிப் போகவில்லை. உங்கள் குறிப்பில் தியாந்துமுக்கு ஒரு வரியாவது கொடுத்திருக்கலாம்.

சரி, இலத்தீனுக்கு வருவோம். அவருடைய சண்டை இலத்தீனைப் பற்றியது மட்டுமல்ல. உலகக் கத்தோலிக்க ஆயர்கள் கூடிய இரண்டாம் வத்திக்கான் சங்கத்தில் அவரும் அவரோடு நின்ற ஆயர்களும் கடுமையாக எதிர்த்தவற்றில் ஒன்று, 1965 டிசம்பர் 7ஆம் திகதி வெளியான மதச் சுதந்திர அறிக்கை. கத்தோலிக்க நாடு என்றால் அரசு கத்தோலிக்க மதத்துக்கு முதலிடம் கொடுக்கவேண்டும், மற்ற மதங்களுக்கு அதே உரிமை கிடையாது, வேண்டுமானால் சகித்துக்கொள்ளலாம் என்பது அவருடைய பக்கம். கடைசிவரை அதில் அவர் இளகவில்லை.

இதைக் கொழும்பில் இருந்து படியுங்கள். நம் அரசியலமைப்பின் 9ஆம் உறுப்புரை பௌத்தத்துக்கு முதன்மைத்தானம் தருகிறது. அவருடைய வாதத்தில் மதத்தின் பெயரை மட்டும் மாற்றிப் பாருங்கள், அதே நியாயத்தை நமக்கு எதிராகத் திருப்ப எத்தனை பேர் இந்த நாட்டில் காத்திருக்கிறார்கள் என்று தெரியும். பழைய கதையும் இருக்கிறது. ஒல்லாந்தர் கத்தோலிக்கத்தைத் தடை செய்திருந்த காலத்தில், 1687இல், கூலி வேடத்தில் யாழ்ப்பாணம் வந்து இறங்கியவர் புனித ஜோசப் வாஸ். அவரைக் கண்டியில் நிலைத்திருந்து பணி செய்ய விட்டது ஒரு பௌத்த அரசன். 2015இல் காலிமுகத்திடலில் திருத்தந்தை பிரான்சிஸ் அவரைப் புனிதராக்கியபோது நம் வீட்டுக்காரர்கள் எல்லோரும் போனோம். மதச் சுதந்திரம் என்பது வாஸ் சுவாமிக்கு உயிர்ப் பிரச்சினை.

அப்புறம், இன்னொன்று உங்கள் குறிப்பில் ஒரு சொல்கூட இல்லை. முஸ்லிம்களைப் பற்றி அவர் பேசிய பேச்சுக்காக 1990இல் பாரிஸ் நீதிமன்றம் அவருக்கு அபராதம் விதித்தது. 2019 உயிர்த்த ஞாயிறுக் குண்டுத் தாக்குதல்கள் நமக்கு ஆறாத காயம். கொச்சிக்கடை அந்தோனியார் கோயிலில் இறந்தவர்களை நான் மறக்கமாட்டேன், நீங்களும் மறக்கமாட்டீர்கள். அடுத்த மாதமே முஸ்லிம் கடைகளும் வீடுகளும் எரிந்ததையும் பார்த்தோம். அந்த மாதிரிப் பேச்சுக்கு ஒரு ஆயரின் படத்தை முகப்பாக வைப்பது இந்த ஊரில் விளையாட்டல்ல. நீங்கள் அப்படி நினைத்து வைக்கவில்லை என்றே நம்புகிறேன். ஆனால் குறிப்பை முன்னுக்கு அனுப்புகிறவர்கள் எல்லோரும் உங்களைப்போல இல்லை.

பிளவின் கதை உங்களுக்குத் தெரிந்ததுதான். 1970இல் பழைய வழிபாட்டைக் காக்கப் புனித பத்தாம் பத்திநாதர் சபையைத் தொடங்கினார், 1976இல் திருத்தந்தை ஆறாம் பவுல் அவருக்குக் குருத்துவப் பணித் தடை விதித்தார். 1988 மே 5இல் பிற்பாடு திருத்தந்தை பதினாறாம் பெனடிக்ட் ஆன கர்தினால் ராட்சிங்கரோடு ஓர் உடன்பாட்டில் கையெழுத்திட்டார், மறுநாளே பின்வாங்கினார். ஜூன் 30இல் திருத்தந்தையின் அனுமதியின்றி நான்கு பேரை ஆயர்களாக்கினார், அவரும் அந்த நால்வரும் திருச்சபையிலிருந்து விலக்கப்பட்டார்கள். லெஃபெவ்ர் 1991 மார்ச்சில் இறந்தார். அந்த நால்வர் மேலிருந்த விலக்கை 2009இல் திருத்தந்தை பதினாறாம் பெனடிக்ட் நீக்கினார். அவர்களில் ஒருவரான வில்லியம்சன், யூதர்களை நாசிகள் நச்சுவாயு அறைகளில் கொன்றதையே மறுத்த பேட்டி அதே நாட்களில் வெளிவந்தது. நாசிச் சிறையில் இறந்த ரெனேயின் மகன் ஆயராக்கிய மனிதர் அவர். 2012இல் அந்தச் சபையே அவரை வெளியேற்றியது.

விலக்கப்பட்டவர்கள் மேல் உங்களுக்கு இத்தனை பரிவு இருக்கிறதென்றால், நம் ஊர் திஸ்ஸ பாலசூரிய சுவாமியையும் படியுங்கள். அமலமரித் தியாகிகள் சபைக் குரு, மரியாளைப் பற்றி எழுதிய நூலுக்காக 1997இல் விலக்கப்பட்டு, அடுத்த வருடமே சமரசமாகத் திரும்பிச் சேர்க்கப்பட்டவர். லெஃபெவ்ருக்கு நேர் எதிர்ப்பக்கத்து ஆள். அவரைப் பற்றி உங்களில் யாரும் ஒரு வார்த்தை பகிர்ந்து நான் பார்க்கவில்லை.

அடுத்த முறை நீங்கள் சேரும்போது எனக்கும் சொல்லுங்கள். பூசைக்கு வந்து உங்களோடு முழந்தாளிடுவேன். முடிந்ததும் தேநீர் குடித்துக்கொண்டே 1965 அறிக்கையைத் தமிழில் வாசிப்போம். லெஃபெவ்ர் சொன்னதுதான் சரி என்று அதன்பிறகும் உங்களுக்குத் தோன்றினால், 9ஆம் உறுப்புரையைப் பற்றி என்ன சொல்வீர்கள் என்று அங்கேயே கேட்பேன்.

அன்புடன்,
கொட்டாஞ்சேனைப் பங்கைச் சேர்ந்த ஓர் அண்ணன்