நோயாளியிடமே கேட்டுச் சொல்லுங்கள்

நெல்லை வட்டார மருத்துவர்களுக்கும் மருத்துவமனை நிர்வாகிகளுக்கும்,

வணக்கம். பாளையங்கோட்டையில் மருத்துவம் படித்து, உங்களோடு இரவுப் பணி பார்த்து, இப்போது ஆவணப்படம் எடுப்பவன் நான். உங்கள் மருத்துவமனைகளில் படம்பிடிக்க அனுமதி கேட்டபோது, “நம்மவர்களையே காட்டிக்கொடுக்கக் கிளம்பிவிட்டாயா?” என்று உங்களில் சிலர் உரிமையோடு கேட்டீர்கள். நான் அனுமதி கேட்பது ஆபரேஷன் தியேட்டருக்குள் நுழைய அல்ல. அதற்கு முன், ஒப்புதல் படிவத்தில் கையெழுத்து வாங்கும் அந்தச் சில நிமிடங்களைப் படம்பிடிக்கத்தான்.

நோயாளியின் அந்தரங்கம் கெடும் என்று மறுக்கிறீர்கள். மதிக்க வேண்டிய காரணம்தான். ஆனால் எந்த நோயாளியையும் கேட்டுவிட்டு நீங்கள் மறுத்ததாகத் தெரியவில்லை.

முக்கூடல் பக்கம் பீடி சுற்றும் ஓர் அம்மாவைச் சந்தித்தேன். கருப்பையை எடுத்துவிட்டார்கள். ஏன் என்று கேட்டால், “கட்டி என்றார்கள்” என்பதற்கு மேல் அவருக்குத் தெரியாது. படிவத்தின் நகலைப் பார்த்தேன். எல்லாம் ஆங்கிலம். கீழே மகனின் கையெழுத்து. நோயாளிக்கான கட்டத்தில் ஊதா மையில் பெருவிரல் ரேகை. பீடிக்கடைப் பாஸ்புக்கை நம்பாமல், இலை, தூள், கட்டுக் கணக்கையெல்லாம் தனி நோட்டில் தம் கையால் எழுதி வைத்திருப்பவர் அவர்! எழுதத் தெரியுமா என்றுகூடக் கேட்காமல் மைப் பெட்டியை நீட்டியிருக்கிறார்கள்.

விதியும் லேசுப்பட்டதல்ல. அறுவைக்கு முன் யாரிடம் ஒப்புதல் வாங்க வேண்டும் என்று சொல்லும் 2002ஆம் ஆண்டு மருத்துவ நெறிமுறை விதிகளில், கணவன் அல்லது மனைவி முதலில் வருகிறார். நோயாளி வரிசையின் கடைசியில் நிற்கிறார். 2008இல் சமீரா கோலி வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது: மயக்கத்தில் இருந்த பெண்ணின் கருப்பையை எடுக்கத் தாயிடம் வாங்கிய ஒப்புதல் செல்லாது. உயிருக்கு ஆபத்தான அவசரமில்லை என்றால், அவர் கண்விழிக்கும்வரை காத்திருந்திருக்க வேண்டும்.

ஓ.பி. நாளில் உங்கள் மேசைமுன் நெருக்கும் கூட்டம் எனக்குத் தெரியாததல்ல. “நீங்கள் பார்த்துச் செய்யுங்கள் ஐயா” என்று நோயாளியே சொல்லிவிடுகிறார் என்பீர்கள். உண்மைதான். எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டபின் அப்படிச் சொன்னாரா, கேட்க வழியில்லாமல் சொன்னாரா என்பதில்தான் என் படமே இருக்கிறது. நன்றாக விளக்கிச் சொல்லும் மருத்துவர்களும் உங்களில் உண்டு. அவர்களையும் ஊர் பார்க்கட்டுமே.

என் பங்குக்குச் சில உறுதிகள். நானும் டாக்டர் என்று தெரிந்தால் முகத்துக்கு நேரே மறுக்கக் கூசுவார்கள்; ஆகவே உங்கள் ஊழியர் யாரும் அருகில் இல்லாதபோது, நோயாளியிடம் தனியாக இன்னொரு முறை கேட்பேன். தொகுத்த படத்தை முதலில் அவருக்குத்தான் காட்டுவேன். வேண்டாம் என்றால் அந்தக் காட்சி இராது. மருத்துவமனையின் பெயரும் வராது.

இதற்குப் பிறகும் மறுப்பதானால் மறுத்துக்கொள்ளுங்கள். அந்த மறுப்புக் கடிதத்தில் நோயாளி என்ன சொன்னார் என்பதையும் ஒரு வரி சேர்த்து அனுப்புங்கள்.

இப்படிக்கு,
உங்களில் ஒருவனாக இருந்தவன்