பாப்பாவுக்கு அப்பா எழுதுவது

பாப்பா,

வாட்ஸ்அப்பில் அனுப்பினால் கைகூப்பி ஒரு பொம்மை போட்டு முடித்துவிடுவாய். அதனால்தான் கடிதம்.

போன மாதம் இங்கே சிங்கப்பூர் எஸ்பிளனேட் அரங்கில் நீ பாடினபோது ஏறக்குறைய 1,600 இருக்கையும் நிறைந்திருந்தது. 2002-ல் அது திறந்த சமயம் உனக்கு ஆறு வயது; பஸ்ஸில் ஜன்னலோரம் நின்று, முள்முள்ளாய் டுரியான் பழம் மாதிரி இருந்த அதன் கூரையைப் பார்த்து "டுரியான், டுரியான்" என்று கத்தினாய். அதை நினைத்து அம்மா கச்சேரி முழுக்க மூக்கைச் சிந்திக்கொண்டிருந்தாள். முடிந்ததும் நான் உள்ளே வந்தேன். படம் எடுத்துக்கொண்டவர்கள் எல்லாரும் போயிருந்தார்கள். பட்டுப்புடவையோடு ஓரமாக உட்கார்ந்து, ஆறிப்போன கறிபஃப்பைப் பிய்த்துப் பிய்த்துத் தின்றுகொண்டிருந்தாய். பாதியில் டிஷ்யூவில் சுற்றி வைத்தாய். என்னைப் பார்த்ததும் ஒரு சிரிப்பு சிரித்தாயே, அது மேடைச் சிரிப்பு. அப்பனிடமேவா?

பிறகு லண்டனிலிருந்து அந்தப் போன். இங்கே விடியற்காலை ஐந்து, உனக்கு ராத்திரி பத்து. "சும்மாதான்பா" என்றாய். பின்னால் தம்புரா கேட்டது. யாரம்மா கூட என்றேன். "யாருமில்லப்பா, ஆப். ரூம் ரொம்ப அமைதியா இருக்கு, போட்டுட்டுதான் தூங்குவேன்." அதற்குப் பிறகு எனக்குத் தூக்கம் வரவில்லை. புளோக்குக்குக் கீழே போய் உட்கார்ந்திருந்தேன்.

தியாகராஜ பாகவதர் கதையைத் தாத்தா எத்தனை தடவை சொல்லியிருப்பார்! 1945, 1946 இரண்டு தீபாவளிக்கும் சென்னையில் அவர் படம் ஓடிக்கொண்டே இருந்தது, அவரோ கொலை வழக்கில் சிறையில். 1947-ல்தான் விடுதலை. தாத்தாவுக்கு அது அதிசயம். எனக்கு இப்போதுதான் உறைக்கிறது: தியேட்டரில் அந்தக் குரலில் சொக்கிப்போனவர்களில் எத்தனை பேர், அந்த மனுஷன் இன்றைக்குச் சாப்பிட்டாரா என்று நினைத்திருப்பார்கள்? (உன்னைச் சிறையோடு ஒப்பிடவில்லை, கோபித்துக்கொள்ளாதே.)

தப்பு என்னுடையதும்தான். சனிக்கிழமை தவறாமல் தேக்காவுக்குப் பாட்டு வகுப்புக்குக் கூட்டிப்போனவன் நான். வயிற்றுவலி என்று நீ முகம் சுளித்த அன்றும், "சிரிச்ச முகமா பாடு" என்றுதான் சொன்னேன். நன்றாகவே படித்துக்கொண்டாய்.

டிசம்பர் சீசன் முடிந்து வரும்போது ஹோட்டல் வேண்டாம். உன் அறையில் அம்மா தையல் மெஷினை வைத்திருக்கிறாள், நகர்த்திவிடலாம். காலையில் பத்து மணிவரை தூங்கு, யாரும் பாடச் சொல்லமாட்டோம். மூணாவது வீட்டு ஆன்ட்டி கேட்டாலும் நான் பார்த்துக்கொள்கிறேன். அதுவரை, எந்த நேரமானாலும் போன் பண்ணு. பேச ஒன்றும் இல்லையென்றால் தம்புராவையே கேட்டுக்கொண்டிருக்கிறேன்.

கறிபஃப் விஷயத்தை அம்மாவிடம் சொல்லவில்லை. நீயும் சொல்லாதே.

அப்பா