புதுத்தோட்டத்து அக்காவுக்கும் மற்ற எல்லோருக்கும்

சோலைமந்தி எனும் சிங்கவால் குரங்குகளைப் பற்றி நாங்கள் எடுத்துவந்த படம் முடிந்துவிட்டது. நேற்று ராத்திரி ஒலிக்கலவையின் கடைசி ரீலையும் பார்த்துவிட்டுத்தான் தூங்கினேன். அம்மா போனதோடு இது நின்றுபோகும் என்று கவலைப்பட்ட நண்பர்களுக்கு முதலில் இந்தச் செய்தி. நடந்தது உங்களுக்குத் தெரியும், திரும்ப எழுத எனக்குத் தெம்பில்லை. நன்றி மட்டும் சொல்லிவிடுகிறேன்.

முதல் நன்றி, வால்பாறை புதுத்தோட்டத்தில் கொழுந்து பறிக்கும் ஒரு அக்காவுக்கு. பெயர் போட வேண்டாம் என்று சொல்லிவிட்டார்.

செத்த குட்டியை விடாமல் தூக்கித் திரிந்த ஒரு சோலைமந்தியை நாங்கள் படமெடுக்கத் தொடங்கியபோதுதான் ஊரிலிருந்து அழைப்பு வந்தது. கேமராவைக் குழுவினரிடம் கொடுத்துவிட்டுக் கிளம்பினேன். என்னைத் தொந்தரவு செய்யக்கூடாது என்று அவர்கள் பேசவே இல்லை. அக்கா பேசினார். சாயங்காலம் வேலை விட்டு வந்ததும் போன் வரும்.

"தம்பி, இன்னிக்கும் வச்சிருக்கு. குரங்கு போக ரோட்டு மேல கட்டுன பாலத்துல ஒரு கையில புடிச்சுக்கிட்டே போச்சு."

அவ்வளவுதான், வைத்துவிடுவார். அம்மாவைப் பற்றி ஒரு கேள்வி இல்லை. மனசைத் தேற்றிக்கொள் என்று ஒரு வார்த்தை இல்லை. வீடு நிறைய ஆறுதல் சொல்ல ஆட்கள் இருந்தார்கள், அவர்கள் மேல் குறையே இல்லை. ஆனால் நான் காத்திருந்தது அந்தப் போனுக்குத்தான்.

ஒருநாள் சொன்னார்: "இன்னிக்குக் கை காலியா இருக்கு தம்பி. எங்க விட்டுச்சுன்னு தெரியல. பலாமரத்துல உக்காந்து தின்னுக்கிட்டு இருக்கு."

காரியம் முடிந்தும் வராத அழுகை அப்போது வந்தது. அப்புறம் பசித்தது. தங்கச்சி தோசை ஊற்றிக் கொடுத்தாள்.

2018-ல் வட அமெரிக்காவின் மேற்குக் கரையிலுள்ள சாலிஷ் கடலில் டாலெக்வா என்ற ஓர்காத் திமிங்கிலம், இறந்த தன் கன்றை 17 நாட்கள் சுமந்து நீந்தியது. கினி நாட்டின் போசூ காட்டில் 2003-ல் ஒரு தாய்ச் சிம்பன்சி, காய்ந்து சருகாகிப்போன குட்டியை 68 நாட்கள் வைத்திருந்தது. இவற்றையெல்லாம் படித்துத்தான் படத்தையே தொடங்கினேன். தாய்க்குச் சாவு புரியவில்லையா, புரிந்தும் விட மனமில்லையா என்பதில் ஆய்வாளர்களுக்குள் இன்னும் ஒரே முடிவு இல்லை. அம்மாவின் சேலைகளை யாருக்கும் கொடுக்காமல் நான் வைத்திருப்பது எதனால் என்று கேட்டால், எனக்கும் சொல்லத் தெரியாது. அதனால் படத்தில் பின்னணிக் குரலே வைக்கவில்லை. அக்கா கண்ணால் பார்த்ததற்கு மேல் ஒன்றும் சொல்லவில்லை. படமும் சொல்லாது.

நான் இல்லாத நாட்களில் மழையிலும் அட்டைக்கடியிலும் நின்று படம்பிடித்த தம்பிகள், கூடவே நடந்த வேட்டைத் தடுப்புக் காவலர்கள், குரங்குகளின் நடத்தையைப் பொறுமையாகச் சொல்லிக்கொடுத்த ஆய்வு மாணவர்கள், எடிட்டிங் அறை வாடகையைக் கேட்காமலே கட்டிய நண்பர்கள், அம்மாவின் கடைசி ராத்திரியில் கூட இருந்த செவிலியர்கள்: உங்கள் ஒவ்வொருவருக்கும் தனித்தனியாக எழுதுவேன். இப்போதைக்கு இது.

எந்த விழாவுக்கும் அனுப்புவதற்கு முன்னால் புதுத்தோட்டத்தில்தான் முதல் திரையிடல். ஞாயிற்றுக்கிழமையாகப் பார்த்து வை, அன்றைக்குத்தான் எல்லோருக்கும் லீவு என்று அக்கா சொல்லியிருக்கிறார். தேதி முடிவானதும் சொல்கிறேன். வருகிறவர்கள் ஆழியாறிலிருந்து 40 கொண்டை ஊசி வளைவு ஏற வேண்டும். யானை நடமாடும் பகுதி, இருட்டுவதற்குள் வந்து சேர்ந்துவிடுங்கள்.