எங்கள் ஊர் 1620இல் பிறக்கவில்லை

தரங்கம்பாடிக் கடற்கரையில் வரலாற்றுப் பலகை வைத்த அதிகாரிகளுக்கும், அதற்கு வாசகம் எழுதிக் கொடுத்தவர்களுக்கும்,

வணக்கம்.

நான் இந்த ஊரில் பிறந்தவள். மீனவர் தெருவில் வீடு. பக்கத்தில் ஒரு பள்ளியில் தமிழ் சொல்லிக்கொடுக்கிறேன். டென்மார்க்கிலிருந்து வந்த டேனிஷ்காரர்கள்தான் 1620இல் எங்கள் ஊரை உருவாக்கினார்கள் என்று சொல்கிற அந்தப் பலகையை மாற்றச் சொல்லி உங்களுக்கு இதுவரை மூன்று மனு கொடுத்திருக்கிறேன். மூன்றுக்கும் முத்திரை குத்தி ரசீது தந்தீர்கள். "மேலே அனுப்பியிருக்கிறோம்" என்று மூன்று முறையும் சொன்னீர்கள். ஆகவே விஷயத்தை முதலிலிருந்து விளக்க வேண்டியதில்லை. பலகை இன்னும் அப்படியே நிற்கிறது, அதனால்தான் ஊரறிய எழுதுகிறேன்.

போன மாதம் எட்டாம் வகுப்புப் பிள்ளைகளை 'எங்கள் ஊர்' என்ற தலைப்பில் ஒரு கட்டுரை எழுதி வரச் சொன்னேன். பாதி நோட்டுகளுக்கு மேல் முதல் வரி ஒன்றாகவே இருந்தது. "தரங்கம்பாடி 1620ஆம் ஆண்டு டேனிஷ்காரர்களால் உருவாக்கப்பட்டது." சிவப்பு மையால் அடித்து, ஓரத்தில் 'தவறு' என்று எழுதிக் கொடுத்தேன். மறுநாள் ஒரு பெண் நோட்டோடு வந்து நின்றாள். அவள் அப்பா ஃபைபர் படகில் கடலுக்குப் போகிறவர். அவள் தாத்தாவும் என் அப்பாவும் ஒரே கட்டுமரத்தில் தொழிலுக்குப் போனவர்கள்.

"டீச்சர், கவர்மெண்ட் போர்டுல அப்படித்தானே போட்டிருக்கு?"

மதிப்பெண்ணுக்காக அவள் கேட்கவில்லை. டீச்சர் சொல்வதை எடுத்துக்கொள்வதா, பலகை சொல்வதை எடுத்துக்கொள்வதா என்று அவளுக்கு நிஜமாகவே தெரியவில்லை. நான் வகுப்பில் எத்தனை முறை சொன்னாலும், சிமெண்ட் போட்டு நட்ட இரும்புத் தூணில் மினுமினுக்கிற எழுத்துக்கு இருக்கும் மதிப்பு என் சொல்லுக்கு வராது. அந்த நோட்டை வாங்கி வைத்துக்கொண்டேன். இன்னும் திருப்பிக் கொடுக்கவில்லை. என்ன எழுதிக் கொடுப்பது?

டேனிஷ் கோட்டையிலிருந்து நடந்து போகிற தூரத்தில் மாசிலாமணிநாதர் கோயில் இருக்கிறது. உங்களுக்குத் தெரியாததல்ல. 1306இல், மாறவர்மன் குலசேகர பாண்டியன் கொடுத்த நிலத்தில் கட்டிய கோயில். கடல் அதன் முன்பக்கத்தைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தின்றுவிட்டது. நான் சிறுமியாக இருந்தபோது அலை வந்து அறைகிற சத்தத்தை அங்கே நின்று கேட்டுக்கொண்டே இருப்பேன். அந்தக் கோயில் கல்வெட்டு நம் ஊருக்குச் சொல்கிற பெயர் சடங்கன்பாடி. குலசேகரன்பட்டினம் என்று இன்னொரு பெயரும் அதில் இருக்கிறது. டேனிஷ் கப்பல் வருவதற்கு 314 ஆண்டுகளுக்கு முன்பே இங்கே ஊர் இருந்தது, ஊருக்குப் பெயரும் இருந்தது. 'பட்டினம்' என்று ஓர் அரசன் தன் பெயரைச் சேர்த்து வைக்கும் அளவுக்கு அது ஊராக இருந்தது.

தமிழ் ஆசிரியை என்பதால் இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். 'அலைகள் பாடும் ஊர்' என்று பலகையில் பொருள் எழுதியிருக்கிறீர்கள். தரங்கம் என்றால் அலை, அது சரி. ஆனால் பாடி என்பது பாட்டு இல்லை. வாணியம்பாடி, குறிஞ்சிப்பாடியில் வருகிற அதே பாடிதான், குடியிருப்பு என்று பொருள். சடங்கன்பாடியிலும் அதே சொல்தான். இங்கே மக்கள் குடியிருந்தார்கள் என்பதை ஊரின் பெயரே சொல்கிறது. அந்த ஒரு சொல்லைப் பாட்டாக மாற்றியதில் குடியிருந்தவர்கள் காணாமல் போய்விட்டார்கள். போதாததற்கு, பலகையின் தமிழ்ப் பகுதியில் 'தரங்கம்படி' என்று அச்சாகியிருக்கிறது. ஊர்ப் பெயரிலேயே ஒரு கால் இல்லை. அதைக்கூட யாரும் திருத்தவில்லை.

தயவுசெய்து அந்தப் பலகையை எடுத்துவிட்டு, 1306இலிருந்து தொடங்குகிற ஒரு பலகையை நல்ல தமிழில் வையுங்கள். என் மூன்று மனுவிலும் கேட்டது இதைத்தான்.

டேனிஷ்காரர்கள் மேல் எனக்கு எந்த வருத்தமும் இல்லை. கோட்டையை நானும் நேசிக்கிறேன். வெளியூரிலிருந்து உறவுக்காரர்கள் வந்தால் முதலில் அங்கேதான் கூட்டிக்கொண்டு போவேன். தஞ்சை ரகுநாத நாயக்கர் 1620இல் அவர்களுக்கு இடம் கொடுத்தார், டேனிஷ் கப்பற்படைத் தலைவர் ஓவே கெட்டே கோட்டை கட்டினார். நாயக்கர் டென்மார்க் அரசருக்குத் தங்கத் தகட்டில் அனுப்பிய மடலை அவர்கள் இன்றும் கோபன்ஹேகனில் பத்திரமாக வைத்திருக்கிறார்கள். கோட்டைக்காரர்கள் தஞ்சாவூருக்கு ஆண்டுதோறும் பணம் கட்டித்தான் இங்கே இருந்தார்கள். ஏற்கெனவே இருந்த ஊரில் குடிவந்தவர்களை ஊரை உருவாக்கியவர்கள் என்று எப்படி எழுத முடியும்?

அப்புறம் ஒரு விஷயம். இந்தக் கரையில் அந்தக் காலத்தில் பெரிய கப்பல் கரையோரம் வந்து நிற்கிற துறைமுகம் கிடையாது. கப்பல் தூரத்தில் நங்கூரம் போட்டு நிற்கும். அங்கிருந்து சரக்கையும் ஆளையும் அலையைத் தாண்டிக் கரை சேர்த்தது எங்கள் ஆட்கள்தான். மரப்பலகைகளை ஆணி அடிக்காமல் கயிற்றால் தைத்த சலங்கு என்ற படகில்தான் கொண்டுவந்தார்கள். ஆணி அடித்த படகு இந்த அலையில் நிற்காது, தைத்த படகு வளைந்து கொடுக்கும். மிளகு மூட்டையோ, பீரங்கிக் குண்டோ, பாதிரியாரோ, எது கரை இறங்கினாலும் அவர்கள் கை படாமல் இறங்கவில்லை. என் அப்பாவுக்கு இப்போது எழுபத்தெட்டு வயது. பலகை வைத்த அன்று என்னைக் கூட்டிப்போய்ப் படிக்கச் சொன்னார். கைத்தடியை ஊன்றிக்கொண்டு கடைசி வரி வரை கேட்டார். "நம்மளப் பத்தி அடுத்த போர்டுல இருக்குமா?" என்று கேட்டார். அடுத்த போர்டு இல்லை என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

ஜெர்மன் பாதிரியார் சீகன்பால்க் 1706 ஜூலை 9ஆம் தேதி இங்கே வந்து இறங்கினார். அச்சு இயந்திரம் வந்தது, தமிழில் புதிய ஏற்பாடு அச்சானது, 1718இல் புதிய எருசலேம் ஆலயம் எழும்பியது. எல்லாம் பலகையில் இருக்கிறது, இருக்கவும் வேண்டும். ஆனால் அவருக்குத் தமிழ் யார் சொல்லிக்கொடுத்தது? வயதான ஒரு திண்ணைப் பள்ளி வாத்தியார் தன் மாணவர்களோடு அவர் வீட்டுக்கே வந்து பாடம் நடத்தினார். அந்தப் பிள்ளைகள் மணலில் விரலால் எழுதியதைப் பார்த்து, கூடவே உட்கார்ந்து அவரும் எழுதிப் பழகினார். அழகப்பன் என்ற மொழிபெயர்ப்பாளர் உடனிருந்து உதவினார். இரண்டே ஆண்டில் நூற்றுக்கும் மேற்பட்ட தமிழ்ச் சுவடிகளைச் சேர்த்துப் பட்டியல் போட்டார் அந்த ஜெர்மானியர். படிப்பு இல்லாத இடத்தில் அத்தனை சுவடி எங்கிருந்து கிடைத்திருக்கும்? 1712 முதல் இந்தப் பக்கத்துத் தமிழர்கள் அவருடைய கேள்விகளுக்குப் பதில் எழுதிய கடிதங்கள் ஜெர்மனியில் ஹாலே நகரத்தில் அச்சாகியிருக்கின்றன. தாளுக்காகப் பொறையாறில் ஆலை வைத்தார்கள், அந்த இடத்தை இன்றும் கடுதாசிப்பட்டறை என்றுதான் சொல்கிறோம். அந்த வாத்தியாருக்கும் அழகப்பனுக்கும் பலகையில் ஒரு வரி கிடையாதா? நானும் தமிழ் வாத்தியார்தான். எனக்கு அது வலிக்கிறது.

இந்த ஊரைப் பற்றி முடிவெடுப்பவர்கள் ஊரைக் கேட்டதே இல்லை. 1845இல் டேனிஷ்காரர்கள் வங்காளத்தில் தங்களிடம் இருந்த செராம்பூரையும் சேர்த்து 12.5 லட்சம் ரூபாய்க்கு எங்களை ஆங்கிலேயரிடம் விற்றார்கள், அப்போதும் யாரும் கேட்கவில்லை. நாகப்பட்டினத்துக்கு ரயில் போனதும் இங்கிருந்த வியாபாரமும் அந்தப் பக்கம் போய்விட்டது. பிறகு 1926இல் மாயவரத்திலிருந்து எங்களுக்கும் ஒரு ரயில் வந்தது. என் அம்மா கருவாட்டுக் கூடையோடு அதில்தான் மாயவரம் சந்தைக்குப் போய் வருவார். 1986இல் அதையும் நிறுத்திவிட்டார்கள். தண்டவாளம் போன வழியில் இன்று முள்செடி மண்டிக் கிடக்கிறது. 2004 டிசம்பர் 26, சுனாமி வந்த அன்று எங்கள் தெருவில் பிணங்களை அடையாளம் காட்டிக்கொண்டே நடந்தோமே, அவர்களைப் பற்றியும் அந்தப் பலகையில் ஒரு சொல் இல்லை. ராஜவீதியைப் பழைய காலம்போல அழகாக்குகிறீர்கள், சந்தோஷம். வலை உலர்த்த இடம் கேட்டால் பார்வையாளர்களுக்கு மறைக்கும் என்கிறீர்கள். யாருக்கு எதை மறைக்கிறது? அவர்கள் பார்க்க வந்த ஊரில் நாங்களும் இருக்கிறோம் அல்லவா?

மன்னிக்க வேண்டும். ரயிலும் வலையும் உங்கள் பொறுப்பில் இல்லாமல் இருக்கலாம். பலகை உங்கள் பொறுப்பில்தான் இருக்கிறது, அதற்கே திரும்பி வருகிறேன்.

இது பெரிய செலவில்லை. தூண் ஏற்கெனவே இருக்கிறது, மேலே உள்ள தகட்டை மாற்றினால் போதும். முதல் வரி இப்படி இருக்கட்டும்: "1306ஆம் ஆண்டில் கட்டப்பட்ட மாசிலாமணிநாதர் கோயில் கல்வெட்டில் இவ்வூர் சடங்கன்பாடி என்று குறிக்கப்படுகிறது." அடுத்த வரியில் கடலோடிகள் வரட்டும். அதற்குப் பிறகு டேனிஷ்காரர்கள் வரட்டும், அவர்களுக்கு எவ்வளவு இடம் வேண்டுமானாலும் கொடுங்கள். அச்சுக்குப் போகும் முன் ஊர்ப் பஞ்சாயத்தாரிடம் ஒரு முறை வாசித்துக் காட்டுங்கள். பிழை திருத்தித் தர நான் இருக்கிறேன், சனி ஞாயிறில் எப்போது கூப்பிட்டாலும் வருவேன். ஒரு பைசா வேண்டாம்.

ஆண்டுத் தேர்வுக்கு முன்னால் மாற்றிக் கொடுத்தீர்கள் என்றால், அந்தப் பெண்ணின் நோட்டைத் திருப்பிக் கொடுக்கும்போது அவளையும் கூட்டிக்கொண்டு பலகைக்குப் போவேன். மெத்தப் பணிவோடு கேட்கிறேன், நான்காவது முறையாக.

இப்படிக்கு,
தரங்கம்பாடி மீனவர் தெருவிலிருந்து ஒரு தமிழ் ஆசிரியை