பீரோவில் இருந்த ரசீது

தண்டையார்பேட்டை,
ஞாயிற்றுக்கிழமை

பெரியவனுக்கு,

போன்ல பேசினா நீ பாதியில கட் பண்ணிடறே. அதான் எழுதறேன். தம்புச்செட்டித் தெருவுல ஒரு மாடிப்படிக்குக் கீழே, ரெமிங்டன் டைப்ரைட்டர் முன்னாடி 26 வருஷம் உட்கார்ந்து அடுத்தவங்க மனுவெல்லாம் அடிச்சவ நான். எத்தனை விவாகரத்து மனு இந்த விரல் வழியா போயிருக்குனு கணக்கே இல்லை. நம்ம வீட்டு மனு ஒண்ணு வரும்னு நினைக்கல. போகட்டும். நீயும் உன் பொண்டாட்டியும் பேசி பரஸ்பர சம்மதம்னு முடிவு பண்ணிட்டீங்க, பிரிஞ்சு இருந்தும் ஒரு வருஷம் தாண்டிடுச்சு. சேர்ந்து இருங்கனு நான் இனி வாய் திறக்க மாட்டேன்.

மாதவரம் ஃப்ளாட் பத்தித்தான் இந்தக் கடிதம். "ஈஎம்ஐ பூரா என் அக்கவுண்ட்லேருந்து போயிருக்கும்மா, அவளுக்கு அதுல ஒண்ணும் இல்லைனு வக்கீல் சொல்லிட்டார், ஃப்ளாட்டுக்காக அவ நகை வித்த 7 லட்சத்துச் சொச்சத்தை மட்டும் திருப்பிக் கொடுத்திடறேன்"னு சொன்னே. உன் வக்கீல் சொன்னதுல பாதி சரி. கல்யாணம் ஆன ஒரே காரணத்துக்காகப் புருஷன் சொத்துல பொண்டாட்டிக்குப் பாதினு நம்ம சட்டத்துல கிடையாது. கோவாவுல மட்டும் போர்த்துக்கீசியர் காலத்துச் சட்டம் இன்னும் நடக்குது. அங்கே முன்கூட்டியே வேற மாதிரி எழுதி வைக்கலைன்னா ரெண்டு பேருக்கும் சரிபாதி. இங்கே 1955 இந்து திருமணச் சட்டத்துல 27ஆம் பிரிவுனு ஒண்ணு இருக்கு. கல்யாணத்தை ஒட்டி ரெண்டு பேருக்கும் பொதுவா வந்த பொருளைப் பத்தி மட்டும்தான் அது பேசும். கட்டில், பீரோ, குத்துவிளக்கு. 'வெட் கிரைண்டர் 1'னு மனுவோட சேர்க்கற எத்தனை பொருள் பட்டியல்ல அடிச்சிருப்பேன்! ஃப்ளாட்டெல்லாம் அதுல வராது. அதுக்குப் பத்திரம் யார் பேர்ல, காசு யாரோடதுனுதான் பார்ப்பாங்க.

சரி, அதையே பார்ப்போம். பத்திரத்துல ரெண்டு பேர் பேரும் இருக்கு. லோன் கூடுதலா வரும்னு அவ சம்பளத்தையும் சேர்த்துக் காட்டித்தானே வாங்கினே? அன்னைக்கு பேங்குக்கு வேண்டியவ இன்னைக்குப் பங்குக்கு வேண்டாதவளா?

அப்புறம் அந்த 32 பவுன். அவங்க வீட்டுல அவளுக்குப் போட்டது. சீதனம் பொண்ணுக்கு மட்டுமே சொந்தம், புருஷன் வீட்டுல இருந்தாலும் அவங்க காவல் காக்கறவங்கதான்னு சுப்ரீம் கோர்ட்டு 1985லயே சொல்லிடுச்சு. 2018ல அதை விக்க சவுகார்பேட்டைக்கு அவகூடப் போனது நான். உனக்கு லீவு கிடைக்கல. கடைக்காரர் ஆரத்தைத் தராசுல போட்டு, கல்லுக்குக் கழிச்சு, அரக்குக்குக் கழிச்சு ஒரு தொகை சொன்னார். அவ பேசவே இல்லை. வெளியில வந்ததும், "ரோஸ்மில்க் குடிக்கலாமா அத்தை?"னு கேட்டா. அன்னைக்குப் பவுன் 23,000 சுமார். இன்னைக்கு அந்தக் காசுக்கு அரைப் பவுன்கூட வராது. ஃப்ளாட் விலை ஏறினது உனக்கு லாபம், தங்கம் விலை ஏறினது அவளுக்கு நஷ்டம், இது எந்த ஊர் கணக்குடா?

"ஒரு ரூபா ஈஎம்ஐ கட்டியிருப்பாளா?"னு கேட்டே பாரு, அதுக்கப்புறம் எனக்குத் தூக்கமே இல்லை. அப்பாவுக்குப் பக்கவாதம் வந்தப்ப வேலையை எழுதிக் கொடுத்துட்டு வந்தவ அவ. ஸ்டான்லி ஆஸ்பத்திரிக்கு ஆட்டோவுல கூட்டிட்டுப் போனது, குளிப்பாட்டினது, ராத்திரி புரட்டிப் படுக்க வச்சது, எல்லாம் 2 வருஷம் 8 மாசம். என் முட்டியை வச்சுக்கிட்டு என்னால தூக்க முடியல. ஆள் போட்டிருந்தா மாசம் என்ன ஆகியிருக்கும்? அந்தக் காசுலதான் உன் ஈஎம்ஐ போயிருக்கு.

2023 ஜூன்ல நம்ம ஹைகோர்ட்டுல ஒரு தீர்ப்பு வந்துச்சு. புருஷன் சவுதியில வேலை, மனைவி ஊர்ல குடும்பத்தைப் பார்த்துக்கிட்டாங்க. வீட்டு வேலை செஞ்சு அவன் சம்பாதிக்க வழி பண்ணினவளுக்கும் அந்தச் சொத்துல சமபங்கு உண்டுனு சொன்னாங்க. அது விவாகரத்து வழக்கு இல்லை, சொத்து வழக்கு, அதுவும் ஒரே நீதிபதி தீர்ப்புனு உன் வக்கீல் சொல்வார். நிஜம்தான். ஆனாலும் நீ ஒரு தடவை படி.

எனக்கு ஏன் இவ்வளவு வலிக்குதுனு உனக்குத் தெரியணும். மில்லு மூடினப்ப என் 11 பவுன் போச்சு. இந்த வீட்டுக்கு என் டைப் காசு போச்சு. பத்திரம் அப்பா பேர்ல. கேட்கணும்னு எனக்குத் தோணவே இல்லை. அப்பா போனப்புறம் வாரிசுச் சான்றிதழுக்கு நாலு நடை நடந்து, நானே காசு போட்ட வீட்டுல உங்க ரெண்டு பேரோட மூணுல ஒரு பங்குக்காரியா நின்னேன்.

இப்படிப் பண்ணு. ஃப்ளாட்டை வித்து லோனை அடை. மிச்சத்துல முதல்ல 32 பவுனுக்கு ஃப்ளாட் விக்கற அன்னைக்கு என்ன விலையோ அதை எடுத்து வை. அதுக்கப்புறம் இருக்கறது பாதிப் பாதி. இல்லை, நானே வச்சுக்கறேன்னா அவ பங்கைக் காசாக் கொடுத்து, அதை உனக்கு விட்டுத் தர்றதா விடுதலைப் பத்திரம் எழுதி வாங்கு. தீர்ப்புக்கு முன்னாடியே எழுது. குடும்பத்துக்குள்ள எழுதினா முத்திரைத்தாள் செலவு குறைவு, விவாகரத்து ஆயிட்டா பதிவு ஆபீஸுக்கு நீங்க மூணாம் மனுஷங்க. லோன்லேருந்து அவ பேரை எடுக்க பேங்க்ல தனியா கேட்கணும். கோர்ட்டுல என்ன எழுதினாலும் பேங்கை அது கட்டுப்படுத்தாது, நீ ஒரு தவணை விட்டா அவளுக்கும் போன் வரும். ஜீவனாம்சம் வேற கணக்கு, அதை இதுல போட்டுக் குழப்பாதே. எல்லாத்தையும் மனுவுலயே ஷரத்தா எழுதச் சொல்லு. வாய் வார்த்தைனு சொல்லி அப்புறம் திரும்ப வழக்குப் போட வந்தவங்களுக்கும் நான்தான் டைப் அடிச்சேன்.

நகை வித்ததுக்கு ஆதாரம் இல்லைனு உன் வக்கீல் சொன்னாராமே. அந்த ரசீதை அன்னைக்கு நான்தான் என் கைப்பையில போட்டேன். இத்தனை நாளா பீரோவுல அப்பா வேட்டிக்கு அடியில இருந்துச்சு. ஜெராக்ஸ் இந்தக் கவர்ல இருக்கு. அசலை நேத்து கொருக்குப்பேட்டைக்குப் போய் அவ கையிலயே கொடுத்துட்டேன். காபி போட்டுக் கொடுத்தா. எனக்குச் சுகர்ங்கறதை மறக்காம, சர்க்கரை போடாம.

அம்மா