கினுயோ தனாகா இயக்கிய படங்களையும் திரையிடுங்கள்

ஜப்பானியப் படங்களைத் தேடிப்பிடித்துத் திரையிடும் திரைப்படச் சங்கத்து நண்பர்களுக்கு,

வணக்கம். ஜப்பானியப் பட வாரம் என்று நீங்கள் அறிவிக்கும்போதெல்லாம் குரோசாவா, ஓசு, மிசோகுச்சி என்று மூன்று இயக்குநர்களின் பெயர்கள் வருகின்றன. அந்தப் படங்களைப் பெரிய திரையில் பார்க்கும் வாய்ப்பைத் தந்தவர்கள் நீங்கள், அந்த நன்றி எப்போதும் உண்டு. இந்த மூவரின் படங்களிலும் நடித்தவர் கினுயோ தனாகா. அவரே ஆறு படங்களை இயக்கியும் இருக்கிறார். அவற்றில் ஒன்றைக்கூட நீங்கள் இதுவரை காட்டவில்லை. அதைக் கேட்கத்தான் இந்த மடல்.

உங்கள் அறிமுகக் குறிப்புகளில் அவர் எப்போதும் 'மிசோகுச்சியின் நாயகி'யாகவே வருகிறார். மிசோகுச்சியோடு அவர் செய்த வேலை மகத்தானது, சந்தேகமே இல்லை. ஆனால் அவர் 1924-லேயே, பதினான்கு வயதில், ஷோச்சிகு திரைப்பட நிறுவனத்தில் சேர்ந்துவிட்டார். 1931-ல் ஜப்பானில் பேசும்படம் முதல்முறையாக வெற்றி கண்டபோது அதன் நாயகியும் அவர்தான். போர் முடிந்தபோது அவர் நாடறிந்த நட்சத்திரம்.

அப்புறம் 1949 அக்டோபரில் நல்லெண்ணத் தூதராக அமெரிக்கா போனார். 1950 ஜனவரியில் திரும்பி வந்தவர் கறுப்புக் கண்ணாடி அணிந்திருந்தார், கூடியிருந்தவர்களைப் பார்த்து முத்தங்களைப் பறக்கவிட்டார். அவ்வளவுதான். பத்திரிகைகள் அவரைக் கிழித்துத் தொங்கவிட்டன. தோற்றுப்போன நாட்டின் கோபமெல்லாம் நாற்பது வயதுப் பெண்ணொருத்தியின் கண்ணாடிமேல் இறங்கியது. அவர் சாவைப் பற்றி யோசிக்கும் அளவுக்குப் போனார். இந்தப் பின்னணி தெரியாமல், மிசோகுச்சி இயக்கத்தில் அவர் ஒஹாருவாக நடித்த 'ஒஹாருவின் வாழ்க்கை'யைப் பார்க்கக் கூடாது என்பேன்.

1952-ல் வந்த அந்தப் படத்தில் ஒரு காட்சி. வயதாகிப் போன ஒஹாருவை ஒருவன் கூட்டிக்கொண்டுபோய், யாத்திரை வந்த இளைஞர்கள் முன்னால் நிறுத்தி, முகத்துக்கு நேரே விளக்கைப் பிடித்து, பூச்சு அப்பிய இந்த முகத்தைப் பார்த்த பிறகும் பெண்ணாசை வருமா என்று கேட்கிறான். கையில் காசும் கொடுக்கிறான். வெளியேறப் போனவள் திரும்பி வந்து, விரல்களை நகம்போல மடக்கி, பூனைபோலச் சீறுகிறாள். அந்தச் சீறலில் நடிப்பைத் தாண்டிய ஏதோ ஒன்று இருப்பதாக எனக்கு ஒவ்வொரு முறையும் தோன்றுகிறது. வயதாகிவிட்டது, அழகு போய்விட்டது என்று எழுதியவர்களுக்கு அந்த முகத்தையே விளக்கு வெளிச்சத்தில் காட்டியிருக்கிறார்.

மறுவருடமே இயக்குநரானார். ஜப்பானில் அவருக்கு முன்னால் கதைப்படம் இயக்கிய பெண் தாசுகோ சகானே ஒருவர்தான். இயக்குநர் நருசேவின் படப்பிடிப்பில் உதவியாளராக நின்று தொழிலைப் பழகிக்கொண்டு, 1953-ல் 'காதல் கடிதம்' எடுத்தார். டோக்கியோவின் ஷிபுயாவில், அமெரிக்கச் சிப்பாய்களோடு வாழ்ந்த பெண்கள் நாடு திரும்பிவிட்ட அந்த ஆண்களிடம் பணம் கேட்டு ஆங்கிலத்தில் கடிதம் எழுதிவாங்க வரும் ஒரு கடை. அங்கே கடிதம் எழுதும் பழைய போர்வீரன், வருடக்கணக்காகத் தேடிக்கொண்டிருந்த காதலியின் குரலை அங்கேயே கேட்கிறான். அந்தப் பெண்ணைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்ற அவன் துடிக்கிறான். தனாகாவின் படம் அவனைத்தான் கேள்வி கேட்கிறது.

தனாகா இயக்குநராவதை மிசோகுச்சி எதிர்த்தார். இயக்குநர் சங்கத்தின் தலைவராக இருந்து எதிர்த்தார். ஓசு தான் எழுதிய திரைக்கதையைக் கொடுத்து தனாகாவின் பக்கம் நின்றார். 1955-ல் 'நிலவு எழுந்தது' அப்படித்தான் வந்தது. மிசோகுச்சி படங்களுக்கு முன்னால் நீங்கள் பேசும் உரைகளில் இந்தச் செய்தி வந்தே ஆகவேண்டும் என்று நினைக்கிறேன். அவருடைய படங்களில் பெண்ணின் துயரம் எவ்வளவு உண்மையாக வருகிறது என்று வியந்து பேசுகிறோமே, அந்தத் துயரத்தை நடித்துக் காட்டியவர் கேமராவின் மறுபக்கம் போக நினைத்தபோது என்ன நடந்தது என்பதும் பார்வையாளர்களுக்குத் தெரியட்டும்.

அதே 1955-ல் வந்த இன்னொரு படமான 'நித்திய மார்பகங்கள்'தான் என் கணக்கில் ஆறிலும் உச்சம். மார்பகப் புற்றுநோயால் 31 வயதில் இறந்த கவிஞர் ஃபுமிகோ நகாஜோவின் கதை, திரைக்கதை சுமியே தனாகா என்ற பெண்ணுடையது. அறுவை சிகிச்சைக்குப் பிறகு கதாநாயகி, தான் மனதுக்குள் நேசித்த மனிதரின் வீட்டில் குளிக்கிறாள். அவர் இறந்துவிட்டார், வீட்டில் இருப்பவர் அவருடைய மனைவி. அந்த மனைவியிடம் தன் தழும்பைக் காட்டுகிறாள். 1955-ல், எந்த நாட்டு சினிமாவில் இப்படியொரு காட்சியை எடுத்திருப்பார்கள்?

1962-க்குப் பிறகு அவர் படம் இயக்கவில்லை. நடிப்பதை விடவில்லை. 'சந்தகான் எண் 8' படத்தில், போர்னியோவுக்கு விற்கப்பட்டு முதுமையில் ஊர் திரும்பிய பெண்ணாக நடித்ததற்கு 1975-ல் பெர்லினில் சிறந்த நடிகை விருது பெற்றார். 1977-ல் காலமானார்.

பிரதி கிடைக்காது என்ற பழைய காரணத்தை இனிச் சொல்ல முடியாது. படங்கள் மீட்டெடுக்கப்பட்டு, 2021-ல் லியோனின் லூமியேர் விழாவில் ஆறும் திரையிடப்பட்டன. ஒரே வாரத்தில் ஆறையும் போடுவது சிரமம் என்றால் சரி, இரண்டு போதும்: 'காதல் கடிதம்', அப்புறம் நகாஜோவின் கதை. ஒஹாரு காட்டும் அதே வாரத்தில் போடுங்கள். தமிழில் துணைத்தலைப்பு எழுத ஆள் வேண்டுமென்றால் என்னைக் கூப்பிடுங்கள், வருகிறேன்.

அன்புடன்,
உங்கள் திரையிடல்களுக்குத் தவறாமல் வரும் ஒருவர்