டோக்கிகோ செய்தது துரோகமா?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். 1933இல் ஜப்பானிய இயக்குநர் ஒஸு எடுத்த 'டிராக்நெட் கேர்ள்' பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையில், "காதலனையே சுட்டுப் போலீசில் பிடித்துக் கொடுக்கும் துரோகி" என்று அதன் நாயகி டோக்கிகோவைக் குறித்து ஒரு வரி இருக்கிறது. கட்டுரையாளர் கடைசிவரை படம் பார்த்தாரா, டீ குடிக்க எழுந்து போய்விட்டாரா? சரணடைவோம், தண்டனை முடிந்ததும் ஒழுங்காக வாழலாம் என்று அவள் கெஞ்சுகிறாள். காதலன் ஜோஜி கேட்கவில்லை. காலில் சுடுகிறாள். அடுத்த நிமிடமே அவனைக் கட்டிக்கொண்டு தானும் சேர்ந்து பிடிபடுகிறாள். துரோகி என்றால் தப்பித்து ஓடியிருக்க வேண்டாமா? போட்டிக்காரியை மிரட்டத் துப்பாக்கியோடு போய், முத்தம் கொடுத்துவிட்டு வந்தவள் ஐயா அவள்!

போதாததற்கு, "பகலில் டைப்பிஸ்ட், இரவில் ரவுடியின் காதலி" என்ற நக்கல் வேறு. நான் 31 வருடம் டைப்பிஸ்டாக இருந்தவள். முதலாளி மகன் டோக்கிகோவுக்கு மோதிரம் கொடுப்பது உங்கள் கட்டுரையாளருக்குக் கிளைக்கதை. எங்கள் கம்பெனியிலும் ஒரு முதலாளி மகன் இருந்தார். தீபாவளிக்கு முன்தினம் என் கார்பன் தாள் டப்பாவுக்குள் ஒரு கைக்கடிகாரத்தை வைத்துவிட்டுப் போனார். திருப்பிக் கொடுத்தேன், இரண்டு வருடம் இன்கிரிமென்ட் இல்லை. மாட்டியிருக்கும் தொப்பிகளில் ஒன்று மட்டும் தானாக விழுகிற அந்த ஆரம்பக் காட்சியில், டைப்பிஸ்ட்கள் வரிசையாக உட்கார்ந்திருப்பதைப் பார்த்ததுமே எனக்கு முதுகு வலித்தது.

அப்புறம், 'ஊமைப்படம்' என்று எத்தனை முறைதான் எழுதுவீர்கள்? ஜப்பானில் திரைக்குப் பக்கத்தில் பென்ஷி இருந்து கதை சொன்னார். அவர் குரலைக் கேட்கவே கூட்டம் வந்தது. பேசும்படம் வந்து அவர்கள் பிழைப்பில் மண் விழுந்தது. இயக்குநர் குரோசாவாவின் அண்ணன் ஹெய்கோவும் பென்ஷிதான். இதே 1933இல்தான் தற்கொலை செய்துகொண்டார். தாங்கள் அறியாததா? போன வருடமே இதை இரண்டு பக்கம் எழுதி அனுப்பினேன். 'கட்டுரை அருமை' என்ற முதல் வரியை மட்டும் பிரசுரித்தீர்கள். மிக்க நன்றி.

'கினுயோ தனகா' என்று நீங்கள் போட்டிருக்கும் புகைப்படத்தில் கிமோனோவோடு நிற்பவர், இசைத்தட்டுக் கடைப் பெண்ணாக வரும் சுமிகோ மிஸுகுபோ. டோக்கிகோவாக நடித்த தனகா, 1953இல் தொடங்கி ஆறு படங்களை இயக்கியவர். அவர் முகமாவது தெரிய வேண்டாமா? துரோகி என்ற சொல்லைத் திரும்பப் பெறச் சொன்னால் பெறவா போகிறீர்கள்? அந்தப் படக்குறிப்பையாவது அடுத்த இதழில் திருத்திவிடுங்கள்.

இப்படிக்கு,
பழைய சந்தாதாரர் ஒருத்தி,
மதுரை.